நாம் போகாத ஆட்டம்

(கொல்லிமலை செம்மேட்டில் நடந்த முன்னாள் மாணவர் சந்திப்பில் பேசியதன் எழுத்து வடிவம்)



காரவள்ளியிலிருந்து 70 கொண்டை ஊசி வளைவு ஏறி வந்த களைப்பு இன்னும் சில முகங்களில் தெரிகிறது. முன் வரிசையில் இரண்டு பேர் எலுமிச்சம்பழத்தை மோந்துகொண்டே உட்கார்ந்திருக்கிறார்கள். அவர்களுக்காகவாவது சுருக்கமாகப் பேசப் பார்க்கிறேன். எனக்குக் கொடுத்த தலைப்பு 'இன்றைய பொறியாளன்'. செயலாளரிடம் கெஞ்சி, அதைக் 'கால்பந்து' என்று மாற்றிக்கொண்டேன். ஏன் மாற்றினேன் என்பது பேச்சு முடிவதற்குள் உங்களுக்குத் தெரிந்துவிடும்.

நாடுகளுக்கு இடையே கால்பந்து என்பது ரொம்பப் பழைய விஷயம் இல்லை. ஃபிஃபா என்கிற உலகச் சம்மேளனம் தொடங்கியது 1904-இல். ஒலிம்பிக்கில் நாட்டு அணிகள் முறையாக ஆடத் தொடங்கியது 1908-இல். தென் அமெரிக்க நாடுகள் தங்களுக்குள் கோப்பை வைத்துக்கொண்டது 1916-இல். முதல் உலகக் கோப்பை 1930-இல் உருகுவேயில் நடந்தது. அதற்கு வந்தது 13 அணிகள்தான். ஐரோப்பாவிலிருந்து போனது நாலே நாலு: பிரான்ஸ், பெல்ஜியம், ருமேனியா, யூகோஸ்லாவியா. மற்ற நாடுகள் எல்லாம் 'கப்பல்ல போய்வர இத்தனை நாள் ஆகுமே, ஆட்டக்காரர்களுக்கு யார் லீவு கொடுப்பது' என்று இருந்துவிட்டன. பிரான்ஸ், பெல்ஜியம், ருமேனியா மூன்றும் 'கோன்டே வெர்டே' என்ற ஒரே கப்பலில் போயின. கப்பல் தளத்திலேயே பயிற்சி. அந்த நாலு அணிகளில் எதுவும் கோப்பையை வாங்கவில்லை. ஆனாலும் முதல் உலகக் கோப்பை என்றால் அந்த நாலு பேரும் வரலாற்றில் இருக்கிறார்கள். வராத பெரிய அணிகளின் பேர் அந்தப் பக்கத்தில் இல்லை.

இப்போது நம் நாட்டுக் கதைக்கு வருகிறேன்.

சுதந்திரம் வாங்கி ஒரு வருஷம்கூட முழுசாக ஆகாத 1948 ஜூலை கடைசி. லண்டன் ஒலிம்பிக்கில் இந்தியாவும் பிரான்சும் மோதின. நம் ஆட்டக்காரர்களில் பெரும்பாலோர் வெறுங்கால். சிலர் காலில் துணிப்பட்டை மட்டும் சுற்றியிருந்தார்கள். அணியின் கேப்டன் டாக்டர் டி. ஆவோ, நாகா மலைப் பகுதிக்காரர். கல்கத்தாவில் மருத்துவம் படித்தபடியே மோகன் பகானுக்கு ஆடியவர். அந்த ஒலிம்பிக் அணிவகுப்பில் இந்தியக் கொடியைப் பிடித்துப் போனவரும் அவர்தான். பின்னாளில் ஊருக்குத் திரும்பி டாக்டராகவே வேலை பார்த்தார். அரியர் இருக்கு, அதனால கிரவுண்டுக்கு வர முடியலன்னு சொல்கிற தம்பிகள் இந்தப் பேரைக் குறித்துக்கொள்ளுங்கள்.

அந்த ஆட்டத்தில் இரண்டு பெனால்டி கிடைத்து, இரண்டையும் நாம் தவறவிட்டோம். சாரங்கபாணி ராமன் ஒரு கோல் போட்டார். சமநிலையில் போய்க்கொண்டிருந்த ஆட்டத்தில் கடைசி நேரத்தில் பிரான்ஸ் ஒரு கோல் போட்டு 2-1 என்று ஜெயித்தது. தோல்விதான். ஆனால் வெறுங்காலோடு இப்படி ஆடுகிறார்களே என்று லண்டன்காரர்கள் வாயைப் பிளந்தார்கள்.

இரண்டு வருஷம் கழித்து, 1950 உலகக் கோப்பை, பிரேசிலில். நம் தகுதிச் சுற்றில் இருந்த பர்மா, இந்தோனேசியா, பிலிப்பைன்ஸ் மூன்றும் விலகிக்கொள்ள, இந்தியா நேராக உள்ளே போய்விட்டது. சுவீடன், இத்தாலி, பராகுவே இருந்த பிரிவில் நமக்கும் இடம். பயணச் செலவில் பெரும்பங்கை ஏற்கவும் போட்டி நடத்துகிறவர்கள் தயாராக இருந்தார்கள். ஆனால் நாம் போகவில்லை.

ஏன் போகவில்லை என்று யாரைக் கேட்டாலும் ஒரே பதில்தான் வரும். 'வெறுங்காலோடு ஆடக்கூடாதுன்னு ஃபிஃபா சொல்லிட்டான்.' நானும் பல வருஷம் அதைத்தான் நம்பினேன். உண்மை அது இல்லை. விலகியது நம் சம்மேளனமேதான். அணித் தேர்வில் கருத்து வேறுபாடு, பயிற்சிக்கு நேரம் போதாது என்றுதான் அப்போது காரணம் சொன்னார்கள். ஒலிம்பிக்தான் பெரிசு, உலகக் கோப்பை அவ்வளவு முக்கியமில்லை என்ற எண்ணமும் இருந்தது. அந்தக் காலத்து ஆட்டக்காரர் சைலன் மன்னாவே பிற்காலத்தில், உலகக் கோப்பை பற்றி எங்களுக்கு அவ்வளவாகத் தெரியாது என்று சொல்லியிருக்கிறார். அதிகாரிகள் எடுத்த முடிவுக்கு ஆட்டக்காரனின் வெறுங்கால் காரணமாகிவிட்டது. எழுபது வருஷத்துக்கு மேலாகியும் பழி அந்தக் கால் மேலேயே கிடக்கிறது.

இதற்கு எதிர்ப்பக்கத்தையும் பாருங்கள். 1952-இல் ஹெல்சிங்கி ஒலிம்பிக்குக்குப் போனோம். அங்கே குளிர், நம்மவர்களில் பலர் வெறுங்கால். யூகோஸ்லாவியா 10-1 என்று நம்மைப் புரட்டி எடுத்தது. மானம் போச்சு என்றுதான் எல்லோரும் நினைத்திருப்பார்கள். ஆனால் அந்தப் பத்து கோலுக்குப் பிறகுதான் பூட்ஸ் கட்டாயம் என்று சம்மேளனம் விதி போட்டது. 1956 மெல்போர்னில் முதல் சுற்றில் நம்மோடு மோத வேண்டிய ஹங்கேரி வரவில்லை. நாம் வந்திருந்தோம், அதனால் அடுத்த சுற்று. அதில் ஆஸ்திரேலியாவை 4-2 என்று ஜெயித்தோம். நெவில் டிசூசா மூன்று கோல். அரையிறுதியில் அதே யூகோஸ்லாவியா. இந்த முறை முதல் கோல் நம்முடையது! முடிவில் 4-1 என்று தோற்றோம். நான்காம் இடம். ஒலிம்பிக் கால்பந்தில் அரையிறுதி வரை போன முதல் ஆசிய நாடு இந்தியா.

பிறகு 1962 ஜகார்த்தா ஆசிய விளையாட்டு. பயிற்சியாளர் ஹைதராபாத்தின் எஸ்.ஏ. ரஹீம். முதல் ஆட்டத்திலேயே தென் கொரியாவிடம் 2-0 தோல்வி. வேறு யாராக இருந்தாலும் மூட்டையைக் கட்டியிருப்பார்கள். இவர்கள் இறுதி ஆட்டம் வரை வந்தார்கள். அங்கேயும் எதிரே நின்றது தென் கொரியா. ஜர்னைல் சிங்குக்குத் தலையில் அடிபட்டுத் தையல் போட்டிருந்தது. தடுப்பாட்டக்காரரான அவரை ரஹீம் முன்வரிசையில் ஆட விட்டார். பி.கே. பானர்ஜி ஒன்று, ஜர்னைல் சிங் ஒன்று. 2-1. தங்கம்! அன்று கோல் கம்பங்களுக்கு நடுவே நின்றவர் பீட்டர் தங்கராஜ். நீலகிரி வெலிங்டனில் இருக்கும் மெட்ராஸ் ரெஜிமென்ட் மையத்துக்கு ஆடி வளர்ந்தவர். நாகா மலை ஒன்று, நீலகிரி ஒன்று. மலைக்கும் கால்பந்துக்கும் ஏதோ உறவு இருக்கத்தான் செய்கிறது.

உலகக் கோப்பை விஷயத்தில் என்ன ஆயிற்று? 1950-க்குப் பிறகு தகுதிச் சுற்றில் இந்தியா முதன்முதலாகக் களம் இறங்கியது 1985-இல். இடையில் 35 வருஷம். வளர்ந்துகொண்டிருந்த ஆசிய நாடுகள் எல்லாம் தோற்றுத் தோற்றுப் பாடம் படித்தபோது நாம் அந்த வகுப்புக்கே போகவில்லை. 'நம்ம ஜனத்துக்கு உடம்பு வாகு இல்ல' என்பார்கள். நம் நாமக்கல் மாவட்டத்தின் மக்கள்தொகை 2011 கணக்குப்படி 17 லட்சத்துக்கு மேல். ஐஸ்லாந்து என்கிற நாட்டுக்கே 2018-இல் சுமார் மூன்றரை லட்சம்தான். அந்த நாடு 2018 உலகக் கோப்பைக்குப் போய், மெஸ்ஸி இருந்த அர்ஜென்டினாவோடு 1-1 என்று சமன் செய்தது.

சரி, இதை ஏன் இங்கே வந்து சொல்கிறேன்?

2008-இல் நான் மூன்றாம் ஆண்டு. கல்லூரிக் கால்பந்து அணிக்கு நான்தான் செயலாளர். எங்கள் அணியில் லெஃப்ட் விங் ஆடியவன் இந்த மலைக்காரன். இங்கே சமதரை கிடைப்பது அபூர்வம் என்பது உங்களுக்கே தெரியும். பந்து கோட்டைத் தாண்டினால் பள்ளத்தில் இறங்கி, மிளகுக் கொடிக்குள் தேடி எடுத்து வரவேண்டும். அதனாலேயே அவன் காலை விட்டுப் பந்து வெளியே போகாது. சின்ன வயதிலிருந்து வெறுங்கால்தான். பூட்ஸ் போட்டால் 'பந்து எங்க இருக்குன்னே தெரியலடா' என்பான்.

அந்த வருஷம் சேலம் பக்கம் மண்டலப் போட்டி. முதல் ஆட்டமே போன வருஷச் சாம்பியனோடு. அவர்கள் வேறொரு கல்லூரியை 9-0 என்று அடித்ததை நான் நேரில் பார்த்தவன். எனக்குப் பயம். ஹாஸ்டலில் எல்லோரும் சிரிப்பார்களே என்ற பயம். விண்ணப்பப் படிவத்தை டிரங்குப் பெட்டிக்குள் வைத்துப் பூட்டிவிட்டேன். அணியிடம் வந்து, 'பூட்ஸ் இல்லாதவங்களைச் சேர்த்துக்க மாட்டாங்களாம்பா, அதனால நாம போகல' என்று சொன்னேன். நான் யாரிடமும் எதையும் விசாரிக்கவே இல்லை. அது முழுப்பொய். அதே 2008 ஆகஸ்டில்தான் டெல்லியில் சுனில் சேத்ரி மூன்று கோல் போட்டு, இந்தியா தஜிகிஸ்தானை ஜெயித்து, 27 வருஷ இடைவெளிக்குப் பிறகு 2011 ஆசியக் கோப்பையில் ஆட இடம் பிடித்தது. ஹாஸ்டல் டி.வி. முன்னால் நானும் நின்று கை தட்டினேன்.

போன ஆடிப்பெருக்குக்கு வல்வில் ஓரி விழா பார்க்க இங்கே வந்தபோது அவன் வீட்டில்தான் தங்கினேன். பரண் மேலிருந்து எதையோ எடுக்கும்போது ஒரு அட்டைப்பெட்டி கீழே விழுந்தது. உள்ளே ஒரு ஜோடி பூட்ஸ். அடிப்பாகத்தில் மண்ணே படவில்லை. அவன் அம்மா சொன்னார்கள்: 'காலேஜ்ல இவனால ஒரு மேட்ச் நின்னுபோச்சாம்பா. அந்த வருஷம் மிளகு வித்த காசுல அவங்கப்பா வாங்கிக் கொடுத்தாரு.' அடுத்த வருஷம் நாங்கள் ஃபைனல் இயர். பிராஜெக்ட், இன்டர்வியூ என்று அணியே கலைந்துவிட்டது. அந்த பூட்ஸுக்கு ஆட்டமே வரவில்லை.

அன்றைக்கும் நான் வாயைத் திறக்கவில்லை. சாப்பிட்டுவிட்டு, விடைபெற்றுக்கொண்டு 70 வளைவும் இறங்கிப் போய்விட்டேன். 1950 கதையைத் தேடிப் படிக்க ஆரம்பித்தது அதற்குப் பிறகுதான். படிக்கப் படிக்க, அந்த அதிகாரிகளைத் திட்டுகிற தகுதி எனக்கு இல்லை என்று தெரிந்தது.

அவன் இப்போது இங்கே பின்வரிசையில், ஜன்னல் ஓரமாக உட்கார்ந்திருக்கிறான். டேய், உன் கால் காரணமில்லடா. நான்தான் பயந்தேன். இதை உன்னிடம் தனியாகச் சொல்லியிருக்கலாம். ஆனால் பொய்யை எல்லோர் முன்னாலும் சொன்னவன், உண்மையையும் எல்லோர் முன்னாலும்தான் சொல்லணும். மன்னிச்சுக்கோ.

தம்பி தங்கைகளே, இந்த வருஷ மண்டலப் போட்டிக்கு நம் அணி போகலாமா வேண்டாமா என்று யோசித்துக்கொண்டிருப்பதாகக் கேள்விப்பட்டேன். போய்ட்டு வாங்க. பஸ் செலவும் எல்லோருக்கும் பூட்ஸும் எங்கள் செட் பொறுப்பு. நேற்று ராத்திரியே பேசி முடித்துவிட்டோம். பத்து கோல் வாங்கினாலும் பரவாயில்லை. எத்தனை கோல், எப்படி விழுந்தது என்று எழுதி அனுப்புங்கள். அடுத்த மலரில் அதைப் போடச் சொல்லி ஆசிரியர் குழுவிடம் இப்போதே கேட்டுக்கொள்கிறேன்.