இரவல் பாட்டும் சொந்தக் குரலும்

தமிழ்நாட்டுக்கு வெளியே வாழும் நமக்கு வேற்றுமொழிப் பாட்டுகள் அன்றாடம் செவியில் விழுவன. நானோ பிறர் எழுதியதைத் தமிழில் எழுதிப் பிழைப்பவன். அதனாலோ என்னவோ, பிறர் பாட்டுகளைப் பாடியே பெரும்புகழ் கண்ட ஆங்கிலப் பாடகர் ஜோ காக்கரிடம் எனக்குத் தனிப் பரிவு உண்டு.

எஃகுத் தொழிலுக்குப் பேர்போன ஷெஃபீல்டு நகரில் 1944-இல் பிறந்தவர் அவர். எரிவாயுக் குழாய் பொருத்தும் வேலை பழகிக்கொண்டே மதுச்சாலைகளில் பாடினார். அமெரிக்கக் கறுப்பின மக்களின் 'சோல்' இசையில், சிறப்பாக ரே சார்லஸின் பாட்டில், உள்ளத்தைப் பறிகொடுத்திருந்தார்.

'வித் எ லிட்டில் ஹெல்ப் ஃப்ரம் மை ஃப்ரெண்ட்ஸ்' என்பது பீட்டில்ஸ் குழுவினர் 1967-இல் வெளியிட்ட பாட்டு. நண்பர் துணையிருக்கக் கவலை ஏது என்னும் பாங்கில் துள்ளி நடப்பது. மறு ஆண்டே காக்கர் அதனை எடுத்துக்கொண்டார். காலத்தைத் தாழ்த்தினார். நம் வழக்கில் சொன்னால், சதுச்ரமாக இருந்த நடை திச்ரமாயிற்று. பெண்குரல்கள் வினவுகின்றன, இவர் தொண்டை கிழிய விடையிறுக்கிறார். சொற்கள் பெரும்பாலும் அவையே. ஆயினும் முன்பு வேடிக்கையாக இருந்தது இப்பொழுது துணை வேண்டிக் கதறும் குரலாகிவிட்டது. 1968 நவம்பரில் பிரிட்டனின் விற்பனை வரிசையில் அது முதலிடம் பெற்றது. 1969 ஆகஸ்டில், உட்ஸ்டாக் விழாவில், இல்லாத கிதாரை மீட்டுவார் போலக் கைகளை அசைத்து அவர் அதைப் பாடிய காட்சி திரைப்படத்திலும் பதிவாயிற்று.

1970-இல் பெருங்குழுவோடு அமெரிக்கா முழுதும் சுற்றியதில் உடலும் உள்ளமும் சோர்ந்தார், குடியும் சேர்ந்தது. அந்தத் தளர்ச்சிக் காலத்தில் பிறந்ததே 1974-ஆம் ஆண்டின் 'யூ ஆர் ஸோ பியூட்டிஃபுல்'. பில்லி பிரெஸ்டனும் புரூஸ் ஃபிஷரும் எழுதியது. சொற்கள் மிகச் சில. முடிவில் உச்ச சுரத்தை எட்டும்போது குரல் உடைகிறது. இசைத்தட்டில் அதை அப்படியே விட்டுவைத்தார்கள். நல்ல வேளை!

1982-இல் ஜெனிஃபர் வார்ன்ஸுடன் பாடிய 'அப் வேர் வீ பிலாங்' அமெரிக்காவில் முதலிடம் பெற்றது. அதனை இயற்றியவர்களுக்கு ஆஸ்கர் பரிசும் கிட்டியது. என் செவிக்கு அது சற்று வழவழப்பான பாட்டே. 1987-இல், ரே சார்லஸ் முன்னர்ப் பாடிய 'அன்செயின் மை ஹார்ட்' பாட்டைத் தமதாக்கிப் பாடியபோதுதான் பழைய கரகரப்பு முழுமையாக மீண்டது.

2014 டிசம்பரில், 70-ஆம் வயதில், அமெரிக்காவின் கொலராடோ மாநிலத்தில் காக்கர் காலமானார். பீட்டில்ஸ் பாட்டை இயற்றிய இருவருள் ஒருவரான பால் மெக்கார்ட்னி, அதனைச் 'சோல்' கீதமாகவே மாற்றித் தந்தமைக்கு அப்பொழுது அவருக்கு நன்றி கூறினார்.