என் பெயரால் வேண்டாம்

(பங்கின் ஜூபிலி விழாவையொட்டி நடந்த இளைஞர் கூட்டத்தில் ஆற்றிய உரை)



இன்று ஒரு பாட்டைப் பற்றிப் பேச விரும்புகிறேன். அது கோயிற் பாட்டன்று. ஆனால் அதை எழுதியவர் கோயிற் பாடற்குழுவில் வளர்ந்த பெண். அயர்லாந்து நாட்டில் லிமெரிக் பகுதியைச் சேர்ந்த டொலோரஸ் ஓ'ரியோர்டன் என்பவர், ஊர்க் கோயிலில் ஆர்கன் வாசித்துப் பாடியவர். பின்னர் 'கிரான்பெரீஸ்' இசைக்குழுவின் பாடகியானார்.

1993 மார்ச் 20, சனிக்கிழமை. மறுநாள் இங்கிலாந்தில் அன்னையர் ஞாயிறு. வாரிங்டன் நகரின் கடைவீதியில் மக்கள் நிறைந்திருந்தனர். ஐ.ஆர்.ஏ. என்னும் அயர்லாந்து ஆயுத இயக்கத்தினர் குப்பைத் தொட்டிகளில் வைத்த இரண்டு குண்டுகள் வெடித்தன. 3 வயதுப் பாலகன் அங்கேயே மாண்டான். 12 வயதுச் சிறுவன் ஐந்து நாள் கழித்து இறந்தான்.

கொன்றவர்கள் யார் பெயரால் கொன்றார்கள்? அயர்லாந்து மக்களின் பெயரால்! டொலோரஸுக்கு அப்போது வயது 21. அவரும் அந்த மக்களில் ஒருவர்தானே? பிள்ளையை இழந்த தாயின் துயரத்தையும், 'இது என் பெயரால் நடக்க வேண்டாம்' என்னும் மறுப்பையும் பாட்டாக்கினார். 1994இல் வெளிவந்த அப்பாட்டின் பெயர் 'ஸாம்பி', அதாவது நடைப்பிணம். 1916இல் நடந்த ஈஸ்டர் எழுச்சிக் காலம் முதல் மனிதர் தலைக்குள் சாகாமல் உலவும் பகையைத்தான் அவர் அப்படிச் சொன்னார்.

சிலர் கோபித்துக்கொண்டார்கள். "ஒரு பக்கத்தை மட்டும் குறை சொல்லலாமா?" என்றார்கள். அந்தக் கேள்வியிலும் நியாயம் உண்டு. 1972 ஜனவரி 30 அன்று டெர்ரி நகரில் உரிமை கேட்டு ஊர்வலம் சென்ற மக்கள்மீது பிரிட்டிஷ் இராணுவம் சுட்டது. 13 பேர் அன்றே இறந்தனர். அது அநியாயம் என்று பிரிட்டிஷ் அரசு ஒப்புக்கொண்டு மன்னிப்புக் கேட்டது 2010இல்தான்.

அதே நாளில், குண்டடிபட்ட இளைஞனைத் தூக்கி வந்தவர்களுக்கு முன்னால், இரத்தம் தோய்ந்த வெள்ளைக் கைக்குட்டையை அசைத்துக்கொண்டு நடந்தார் ஒரு குருவானவர். அவர் அருட்தந்தை எட்வர்ட் டேலி. இராணுவத்தின் கொடுமையைக் கண்ணால் கண்டவர் அவர். பின்னர் டெர்ரி ஆயரானபோது ஐ.ஆர்.ஏ.யின் வன்முறையையும் வெளிப்படையாகக் கண்டித்தார். நமக்கு இழைக்கப்பட்ட அநீதி, நாம் இழைக்கும் அநீதிக்கு அனுமதிச் சீட்டு ஆகாது என்பதை அவர் அறிந்திருந்தார்.

அன்பர்களே, ஒரு பாட்டு சமாதானத்தைக் கொண்டுவந்துவிடாது. 3,500க்கும் மேற்பட்டோர் மடிந்த பிறகே, 1998 ஏப்ரல் 10, பெரிய வெள்ளியன்று உடன்படிக்கை ஏற்பட்டது. டொலோரஸ் 2018இல் காலமானார். அவர் பாட்டு இன்றும் ஒலிக்கிறது.

எதிரியின் பாவத்தை எண்ணிச் சொல்ல எவராலும் முடியும். நம்மவர் தவறும்போது, நம்மவர் நடுவிலேயே எழுந்து நின்று 'வேண்டாம்' என்பதுதான் கடினம். இளைஞர்களே, அந்தத் துணிவை நீங்கள் பெற வேண்டும் என்று கேட்டு அமைகிறேன்.