சொந்தக் காணிக்குத் திரும்பும் ஆண்டு
(பொன்விழா நாளன்று பங்குத் தந்தை ஆற்றிய உரை)



ஜூபிலி என்றதும் கொடியேற்றமும் தேர்பவனியும் நம் நினைவுக்கு வருகின்றன. லேவியர் ஆகமம் 25-ஆம் அதிகாரத்தில் ஆண்டவர் கட்டளையிட்ட ஜூபிலியோ வேறு. ஐம்பதாம் ஆண்டில் அவனவன் தன் காணிக்கும் தன் குடும்பத்தாரிடத்திற்கும் திரும்ப வேண்டும். திரும்பிப் போகக் காணியே இல்லாதவள் எங்கே போவாள்?

நம் பங்கின் எல்லைக்குள் இருக்கும் இலங்கைத் தமிழர் முகாமில் ஒரு மகள் இருக்கிறாள். 2006-இல் போர் மீண்டும் மூண்டபோது, ஆறு வயதில், பெற்றோருடன் படகேறி இராமேசுவரக் கரைக்கு வந்தவள். இங்கேயே படித்துப் பட்டம் பெற்றாள். ஞாயிறுதோறும் நம் பிள்ளைகளுக்கு ஞானோபதேசம் சொல்லிக் கொடுக்கிறாள். 2021-இல் தமிழக அரசு அகதி முகாம் என்ற பெயரை 'மறுவாழ்வு முகாம்' என்று மாற்றியது. ஆனால் 2019-ஆம் ஆண்டுக் குடியுரிமைத் திருத்தச் சட்டத்தில் பாகிஸ்தான், ஆப்கானிஸ்தான், வங்காளதேசம் உண்டு; இலங்கை இல்லை. ஆகவே அவளுக்கு வாக்குரிமை இல்லை. இந்தியக் கடவுச்சீட்டும் இல்லை.

நாட்டின் சட்டம் நம் கையில் இல்லை. திருச்சபைச் சட்டமோ நமக்கு வழி காட்டுகிறது. 1983-இல் வெளியான சட்டத் தொகுப்பின் 102-ஆம் பிரிவின்படி, ஒருவர் ஒரு பங்கில் ஐந்தாண்டு முழுமையாக வாழ்ந்துவிட்டால் அதுவே அவருக்கு வாழ்விடம். குடியுரிமைச் சான்றிதழ் கேட்கப்படவில்லை. அப்படியிருக்க, நம்மில் சிலர் அவளை இன்றும் 'முகாம் பெண்' என்றே அழைப்பது ஏன்?

ரூத் ஆகமத்தைப் பாருங்கள். மாமியாரோடு பெத்லகேமுக்கு வந்த அந்த இளம் விதவையை, அறுவடைக்காரரின் மேற்பார்வையாளன் 'மோவாபியப் பெண்' என்றான். வயலுக்குரிய போவாஸோ 'மகளே' என்று அழைத்தார். அவள் பொறுக்குவதற்கென்றே கதிர்களை உருவிப் போடச் சொன்னார். பின்பு அவளை மணந்துகொண்டார். மத்தேயு எழுதிய நம் ஆண்டவரின் வம்ச அட்டவணையில் அவள் பெயர் 'ரூத்' மட்டுமே. மோவாப் என்ற அடைமொழி அங்கே இல்லை.

ஆகவே மூன்று காரியங்களைக் கேட்டுக்கொள்கிறேன். அவளையும் அவளைப் போன்றோரையும் பெயர் சொல்லி அழையுங்கள். வருகிற பங்குப் பேரவையில் முகாம் குடும்பங்களுக்கும் இடம் கொடுங்கள். உங்கள் மகனுக்குப் பெண் தேடும்போது, 'முகாமாயிற்றே' என்று பின்வாங்காதீர்கள். அப்போது அவளுக்கும் திரும்பி வர ஒரு காணி இருக்கும். அது இந்தப் பங்கு.

எகிப்துக்கு அகதியாய்ப் போன திருக்குடும்பத்தைக் காத்த புனித சூசையப்பர் நமக்காக வேண்டிக்கொள்வாராக! ஆமென்.