ரங்கசாமி நடந்த பாதை



சினிமாவுக்குத் தேனிப் பக்கம் புதிதல்ல. 1977இல் ‘16 வயதினிலே’ எடுத்து, கேமராவை ஸ்டுடியோவிலிருந்து கிராமத்துக்குக் கொண்டுபோன பாரதிராஜா அல்லிநகரத்துக்காரர். அதற்கு இசையமைத்த இளையராஜா பண்ணைப்புரத்துக்காரர். ஆனால் நம் கம்பம் பள்ளத்தாக்கின் அன்றாட உழைப்பை உள்ளபடி காட்டிய படம் எது என்று கேட்டால், 2018 ஆகஸ்டில் வெளிவந்த ‘மேற்குத் தொடர்ச்சி மலை’யைத்தான் சொல்வேன்.

இயக்கம் லெனின் பாரதி, ஒளிப்பதிவு தேனி ஈஸ்வர், இசை இளையராஜா. படத்தைத் தயாரித்தவர் விஜய் சேதுபதி. ஏலத்தோட்டத்து மூட்டைகளைச் சுமந்து மலையிறக்கும் ரங்கசாமிதான் கதாநாயகன். அடிவாரத்தில் சொந்தமாகக் கொஞ்சம் நிலம் வாங்கிவிட வேண்டும், அவ்வளவுதான் அவர் ஆசை.

முதல் பாதியில் ரங்கசாமி நடக்கிறார், நடந்துகொண்டே இருக்கிறார். எதிர்ப்படுகிறவர்களிடம் நலம் விசாரிக்கிறார், உட்கார்ந்து இளைப்பாறுகிறார், மறுபடி ஏறுகிறார். கேமரா அவசரப்படாமல் கூடவே போகிறது. கதை நகரவில்லையே என்று சிலருக்குத் தோன்றலாம். இந்தப் படத்தின் பலமே அந்த நிதானம்தான். நிலம் வாங்கும் நம்பிக்கையோடு அவர் தூக்கிவந்த ஏலக்காய் மூட்டை சரிவில் உருண்டு சிதறும்போது, எத்தனை நாள் பாடு வீணாயிற்று என்று யாரும் நமக்கு எடுத்துச் சொல்ல வேண்டியதில்லை. அந்தப் பாதையில் நாமும் நடந்திருக்கிறோம்.

பிறகு மலைக்கு ரோடு வருகிறது. ஒருவழியாக ரங்கசாமிக்கு நிலம் அமைகிறது. விதைக்கும் உரத்துக்கும் வாங்கிய கடனில் அது கைவிட்டும் போகிறது. கடைசியில் அதே மண்ணில் காற்றாலை சுழல்கிறது, ரங்கசாமி அதற்குக் காவலாளி. கம்பம் கணவாய்க் காற்றை நம்பி இங்கே எழும்பியிருக்கும் காற்றாடிகளை அன்றாடம் பார்க்கிற நமக்கு, அவற்றின் அடியில் யாருடைய காடு இருந்தது என்று இந்தப் படம் கேட்க வைக்கிறது.

குறையும் உண்டு. படத்தில் தொழிற்சங்கம் வரும் பகுதி அவசரமாகக் கடந்துபோகிறது. ரங்கசாமியின் மனைவி ஈஸ்வரியின் உழைப்புக்கு இன்னும் இடம் கொடுத்திருக்கலாம்.

படம் வந்த பிறகும் நம் தேனிப் பக்கம் வேகமாக மாறுகிறது. 2023இல் போடிக்கு அகல ரயில் பாதையில் ரயில் வந்துவிட்டது. ஆனால் விடியுமுன் ஜீப்பில் நெருக்கியடித்துக் கேரளத் தோட்டங்களுக்குப் போகும் பெண்களின் ஒரு முழுநாளை இன்னும் யாராவது பொறுமையாகப் படமாக்க வேண்டும். செல்போனில் படம்பிடிக்கும் இளைஞர்களே, ஒரு வேலையைத் தொடக்கம் முதல் முடிவு வரை வெட்டாமல் எடுங்கள். லெனின் பாரதியிடம் கற்க வேண்டிய முதல் பாடம் அதுதான்.