பாரதம் வாசிக்கவும் மானியம்

வரையாடு, பனை, செங்காந்தள், கோபுரம்னு நம்ம மாநிலச் சின்னங்களைப் பசங்க ஒரே மூச்சுல ஒப்பிச்சிடுவாங்க. பல்லவர் சின்னம் காளை. தயவுசெஞ்சு இதையும் மனப்பாடம் பண்ண வெச்சிடாதீங்க!

காஞ்சிபுரம் பக்கத்துல கூரம். அங்க இருந்த சிவன் கோயிலுக்கு 7-ஆம் நூற்றாண்டுல முதலாம் பரமேஸ்வரவர்மன் கொடுத்த செப்பேடு கிடைச்சிருக்கு. சமஸ்கிருதமும் தமிழும் கலந்து எழுதினது. பாலாற்றுலேர்ந்து ஏரிக்கு வாய்க்கால் வந்த விவரம் அதுல இருக்கு. பூஜைச் செலவோட, மண்டபத்துல பாரதம் வாசிக்கவும் ஏற்பாடு! ராஜா காசுல கதைநேரம்னு வெச்சுக்கோங்களேன். சின்னம் யாரோட ஆட்சின்னுதான் சொல்லும். ஊர் எப்படி ஓடுச்சுன்னு சொல்றது இந்த மாதிரி ஏடுதான்.

அடுத்த தடவை பட்டு எடுக்கப் போறப்போ பசங்களைக் கூரத்துக்கும் கூட்டிட்டுப் போங்க. கோயில் சிதைஞ்சுதான் கிடக்கு. பரவாயில்ல, அங்க நின்னு கேளுங்க: "இங்க கதை கேக்க யாரெல்லாம் வந்திருப்பாங்க? யாரை உள்ள விட்டிருக்க மாட்டாங்க?"