முன் சக்கரத்தின் மூட்டு



கார் ஓட்டிப் பிழைப்பவர்கள் நம் நாட்டில் ஏராளம். வாடகைக் காரில் ஏறிப் போகிறவர்கள் அதைவிட ஏராளம். காரில் என்ஜின் இருப்பது எல்லோருக்கும் தெரியும். பிரேக் இருப்பதும் தெரியும். பால் ஜாயிண்ட் என்று ஒன்று இருப்பது பலருக்குத் தெரியாது. அது உள்ளங்கையில் அடங்கும் உறுப்பு. ஆனால் அது கழன்றால் முன் சக்கரம் சாய்ந்து விழும். இன்றைய பேச்சு அதைப் பற்றியது.

மனிதனின் தோள் மூட்டை எண்ணிப் பாருங்கள். கை மேலே போகிறது. கீழே வருகிறது. சுழலவும் செய்கிறது. கை எலும்பின் தலை பந்து போல் உருண்டையாக இருக்கிறது. தோளில் கிண்ணம் போல் ஒரு குழி இருக்கிறது. பந்து அந்தக் கிண்ணத்தில் உட்கார்ந்து சுழல்கிறது. பால் ஜாயிண்ட்டும் இதே ஏற்பாடுதான். ஓர் இரும்புத் தண்டு. அதன் நுனியில் ஓர் உருண்டை. அந்த உருண்டை இரும்புக் கிண்ணத்துக்குள் இருக்கிறது. இரும்பும் இரும்பும் உரசாமல் நடுவில் வழவழப்பான பிளாஸ்டிக் உறை இருக்கும். உள்ளே கிரீஸ் இருக்கும். தூசியும் தண்ணீரும் போகாதபடி வெளியே ஒரு ரப்பர் உறை மூடியிருக்கும்.

இது எதற்கு? முன் சக்கரத்துக்கு இரண்டு வேலை. பள்ளம் மேடு வந்தால் ஏறி இறங்க வேண்டும். ஸ்டீரிங்கைத் திருப்பினால் இடமும் வலமும் திரும்ப வேண்டும். கதவுக் கீல் ஒரு பக்கமாகத்தான் அசையும். பந்தும் கிண்ணமும் எல்லாப் பக்கமும் அசையும். (லாரிக்காரர்கள் கிங் பின் என்று சொல்வார்களே, அது வேறு. அது சக்கரத்தைத் திருப்ப மட்டும்தான் விடும். ஏறி இறங்கும் வேலையை லாரியில் பட்டைகள் பார்த்துக்கொள்ளும்.)

மாருதி 800, ஆல்டோ போன்ற சிறு கார்களில் ஒவ்வொரு முன் சக்கரத்துக்கும் ஒரு பால் ஜாயிண்ட் உண்டு. காரின் அடியிலிருந்து சக்கரத்தை நோக்கி ஓர் இரும்புக் கை நீண்டிருக்கும். அதற்கு லோயர் ஆர்ம் என்று பெயர். அதன் நுனியில் இந்த மூட்டு இருக்கும். சக்கரத்தைத் தாங்கும் நக்கிள் என்ற உறுப்பை இந்த மூட்டுதான் கையோடு பிணைக்கிறது. பாரம் தாங்கும் ஸ்பிரிங், மேலே ஷாக் அப்சார்பரோடு சேர்ந்து நிற்கும். ஜீப் வகை வண்டிகள் சிலவற்றில் மேலே ஒரு கை, கீழே ஒரு கை என்று இரண்டு இருக்கும். அவற்றில் ஒரு சக்கரத்துக்கு இரண்டு பால் ஜாயிண்ட். இந்த வித்தியாசத்தை நினைவில் வையுங்கள். பின்னால் தேவைப்படும்.

இமாசலப் பிரதேசத்தில் மணாலி என்ற மலையூர் இருக்கிறது. அங்கே ஆல்டோ கார்கள் வாடகைக்கு நிறைய ஓடுகின்றன. குறுகிய சாலை, கொண்டை ஊசி வளைவு, இவற்றுக்குச் சிறிய கார்தான் வசதி. ஆனால் மலைச்சாலை மூட்டுக்கு எதிரி. நிமிடத்துக்கு நிமிடம் ஸ்டீரிங் திரும்புகிறது. இறக்கத்தில் பிரேக் பிடிக்கும்போதெல்லாம் காரின் பாரம் முன்னால் சாய்கிறது. 2023 ஜூலை மாதம் பியாஸ் ஆற்றில் பெருவெள்ளம் வந்தது. மணாலிக்குப் போகும் நெடுஞ்சாலையைப் பல இடங்களில் அரித்துக்கொண்டு போனது. அதன் பிறகு வண்டிகள் கல்லும் சேறுமான வழியில் ஓட வேண்டியிருந்தது. அப்படிப்பட்ட வழியில் கூரான கல் ஒன்று தெறித்தால் போதும், ரப்பர் உறை கிழிந்துவிடும். கிழிந்தால் கிரீஸ் வெளியே வரும். சேறு உள்ளே போகும். சேற்றில் இருக்கும் மணல் உப்புத்தாள் போலத் தேய்க்கும். பிளாஸ்டிக் உறை மெலியும். கிண்ணம் அகலமாகும். பந்து ஆடத் தொடங்கும்.

அங்கே ஆல்டோ ஓட்டும் ஒருவரை எண்ணிக்கொள்ளுங்கள். கார்தான் அவர் குடும்பத்துக்குச் சோறு. ஒரு நாள் முன் பக்கம் ‘டொக், டொக்’ என்று சத்தம் வருகிறது. மெதுவாகப் பள்ளத்தில் இறங்கும்போது அதிகம் கேட்கிறது. நேர் சாலையில் கார் கொஞ்சம் அலைகிறது. டயர் ஓர் ஓரம் மட்டும் தேய்ந்திருக்கிறது. இது சுற்றுலாப் பருவம். பட்டறையில் விட்டால் அன்றைய வாடகை போய்விடும். “சத்தம்தானே, சீசன் முடியட்டும்” என்று தள்ளிப் போடுகிறார்.

இங்கேதான் ஆபத்து. கிண்ணம் மேலும் அகலமானால் பந்து ஒரு நாள் வெளியே வந்துவிடும். அப்போது சக்கரத்தின் அடிப்பக்கத்தைப் பிடித்து நிறுத்த ஒன்றும் இல்லை. சக்கரம் மடங்கிச் சாயும். காரின் மூக்கு தரையில் இடிக்கும். ஸ்டீரிங்கைத் திருப்பினாலும் கார் கேட்காது. இது சந்தில் நடந்தால் செலவோடு போகும். மலை விளிம்பில் நடந்தால் செலவோடு போகாது. ஆனால் ஒன்று: பெரும்பாலும் இந்த மூட்டு சொல்லாமல் கழல்வதில்லை. பல நாள் சத்தம் போட்டுச் சொல்லிவிட்டுத்தான் கழல்கிறது.

ஓட்டுநர் ஒருவழியாகப் பட்டறைக்குப் போகிறார். வடநாட்டில் பட்டறை மூத்தவரை ‘உஸ்தாத்’ என்று அழைப்பார்கள்.

“உஸ்தாத், பால் ஜாயிண்ட் போய்விட்டது. மாற்றிக் கொடுங்கள்” என்கிறார் ஓட்டுநர்.

“போய்விட்டது என்று யார் சொன்னது?” என்று கேட்கிறார் உஸ்தாத்.

“டாக்சி ஸ்டாண்டில் சொன்னார்கள்.”

“ஸ்டாண்டில் சொல்வார்கள் மகனே. கை சொல்ல வேண்டும். முதலில் கையால் பார்ப்போம்.”

உஸ்தாத் சொல்வது சரி. முன் பக்கச் சத்தம் எல்லாம் பால் ஜாயிண்ட் சத்தம் அல்ல. ஸ்டெபிலைசர் கம்பியின் ரப்பர் புஷ் தேய்ந்தாலும் இப்படித்தான் கேட்கும். இரண்டு சக்கரமும் ஒன்றாக ஏறும் வேகத்தடையில் சத்தம் இல்லை. ஒரு சக்கரம் மட்டும் பள்ளத்தில் இறங்கினால் சத்தம் வருகிறது. அப்படியானால் அந்தப் புஷ்ஷையும் சந்தேகப்பட வேண்டும். ஷாக் அப்சார்பரின் மேல் பிடிப்பு தளர்ந்தாலும் சத்தம் வரும். பார்க்காமல் மாற்றினால் காசும் போகும், சத்தமும் போகாது.

எப்படிப் பார்ப்பது? காரைச் சமதரையில் நிறுத்த வேண்டும். கைப்பிரேக் போட்டுப் பின் சக்கரத்துக்கு முன்னும் பின்னும் கட்டை கொடுக்க வேண்டும். ஆல்டோ போன்ற காரில் பாடியின் அடியில், அதற்கென்று உள்ள இடத்தில் ஜாக்கி வைத்துத் தூக்க வேண்டும். சக்கரம் அந்தரத்தில் தொங்க வேண்டும். பிறகு இரும்பு ஸ்டாண்டு வைக்க வேண்டும். ஜாக்கி தூக்குவதற்கு, தாங்குவதற்கு அல்ல. செங்கல்லும் ஹாலோ பிளாக்கும் கூடாது. அவை விரிசல் காட்டாமலே நொறுங்கும். ஜாக்கியை மட்டும் நம்பிக் காருக்கு அடியில் தலையை நீட்டக் கூடாது.

சக்கரத்தைக் கடிகார முகமாக நினைத்துக்கொள்ளலாம். 12 இருக்கும் இடத்தில் ஒரு கை, 6 இருக்கும் இடத்தில் ஒரு கை வைத்து முன்னும் பின்னும் ஆட்ட வேண்டும். ஆட்டம் தெரிந்தால், மூட்டும் காரணமாக இருக்கலாம். வீல் பேரிங்கும் காரணமாக இருக்கலாம். இன்னொருவரைப் பிரேக்கை அழுத்தச் சொல்லி மறுபடி ஆட்ட வேண்டும். ஆட்டம் நின்றுவிட்டால் பேரிங். நிற்கவில்லை என்றால் மூட்டைப் பார்க்க வேண்டும். அடுத்து 3, 9 இருக்கும் இடங்களில் பிடித்து ஆட்ட வேண்டும். இந்தத் திசையில் மட்டும் ஆட்டம் இருந்தால் டை ராட் எண்டைப் பார்க்க வேண்டும். கடைசியாக, ஒரு நீளக் கம்பியை லோயர் ஆர்முக்கும் நக்கிளுக்கும் நடுவில் கொடுத்து மெதுவாக நெம்ப வேண்டும். ஒருவர் நெம்ப, இன்னொருவர் மூட்டின் மேல் விரலை வைத்திருப்பார். தண்டு கிண்ணத்துக்குள் ஏறி இறங்குவது கண்ணுக்கும் விரலுக்கும் தெரியும். தெரிந்தால் மாற்ற வேண்டியதுதான். ரப்பர் உறை மட்டும் கிழிந்து, ஆட்டம் இல்லை என்றாலும் அந்த மூட்டு நாட்களை எண்ணிக்கொண்டிருக்கிறது.

ஜீப் வகை வண்டியில் இந்தச் சோதனை மாறும். நல்ல கைகாரர்கள்கூட இங்கே ஏமாறுவது உண்டு. ஸ்பிரிங் கீழ்க் கையின் மேல் உட்கார்ந்திருந்தால், பாரம் முழுவதும் கீழ் மூட்டில் இறங்கும். ஜாக்கியைச் சேஸிஸில் வைத்துத் தூக்கினால் ஸ்பிரிங் அந்தக் கையைக் கீழே அழுத்திக்கொண்டே இருக்கும். தேய்ந்த மூட்டும் இறுக்கமாகத் தெரியும். அதனால் ஜாக்கியைக் கீழ்க் கைக்கு அடியில், சக்கரத்துக்குப் பக்கத்தில் வைத்துத் தூக்க வேண்டும். அப்போதுதான் ஆட்டம் வெளியே வரும். சில வண்டிகளில் மிகச் சிறிய ஆட்டத்தைத் தயாரித்தவர்களே அனுமதிக்கிறார்கள். எவ்வளவு என்பது அந்த வண்டியின் கையேட்டில் இருக்கும். இந்த வகையில் மூட்டைக் கழற்றுவது வீட்டு வேலை அல்ல. அழுந்திய ஸ்பிரிங் திடீரென்று விடுபட்டால் ஆளைக் கொல்லும். பயிற்சி பெற்றவர் மட்டுமே தொட வேண்டும்.

ஆல்டோவுக்கு வருவோம். நெம்பிப் பார்த்ததில் இடப் பக்க மூட்டு நன்றாக ஆடுகிறது. “வெல்டு வைத்துக் கிண்ணத்தை இறுக்கிவிடலாமா உஸ்தாத்? செலவு குறையுமே” என்று கேட்கிறார் ஓட்டுநர். இப்படிச் செய்கிற இடங்களும் உண்டு. அது பெரிய தவறு. வெல்டிங் சூட்டில் உள்ளே இருக்கும் பிளாஸ்டிக் உறை உருகிவிடும். இரும்பின் உறுதியும் கெடும். ஊசி போட்டு கிரீஸ் ஏற்றுவது இன்னொரு வழக்கம். அதில் சத்தம் அடங்கும், தேய்மானம் அடங்காது. வாயை மூடிவிட்டு நோயை அப்படியே விடுவது போல.

பல சிறு கார்களில் லோயர் ஆர்மும் பால் ஜாயிண்ட்டும் ஒரே உறுப்பாக வரும். முழுக் கையையும் மாற்ற வேண்டும். சில கார்களில் மூட்டு தனியாகவும் வரும். எது என்றாலும் கார் மாடலையும் வருடத்தையும் சொல்லி வாங்க வேண்டும். புதிய மூட்டின் தண்டைக் கையால் அசைத்தால் இறுக்கமாக, ஒரே சீராக அசையும். லொடலொடவென்று ஆடினால் கடையிலேயே திருப்பிக் கொடுக்க வேண்டும். பில் கட்டாயம் வாங்க வேண்டும்.

சக்கர நட்டுகளைக் கார் தரையில் இருக்கும்போதே தளர்த்த வேண்டும். தூக்கிய பிறகு தளர்த்தினால் கார் ஸ்டாண்டிலிருந்து நழுவலாம். சக்கரத்தைக் கழற்றியதும் அதைக் காரின் அடியில் படுக்க வைத்தால் கூடுதல் பாதுகாப்பு. ஆல்டோவில் மூட்டுத் தண்டை நக்கிளில் ஒரு போல்ட் குறுக்கே பிடித்திருக்கும். தண்டில் அதற்கென்று ஒரு வெட்டுப் பள்ளம் இருக்கும். அதனால் போல்ட்டைத் தளர்த்தினால் போதாது; முழுவதும் உருவ வேண்டும். இது தெரியாமல் மணிக்கணக்கில் சுத்தியலால் அடிப்பவர்கள் உண்டு. துரு இருந்தால் துருநீக்கும் எண்ணெய் விட்டுக் கொஞ்ச நேரம் காத்திருக்க வேண்டும். பிறகு கையைக் கீழே நெம்பினால் தண்டு இறங்கி வரும். நக்கிளை வெளியே இழுக்கக் கூடாது. டிரைவ் ஷாஃப்ட் கழன்றுவிடும். பிரேக் ஹோஸும் இழுபடும்.

அடுத்து, கையைப் பாடியோடு பிடிக்கும் போல்ட்டைக் கழற்ற வேண்டும். ஸ்டெபிலைசர் கம்பியின் முனை கைக்குள் போயிருந்தால் அந்த நட்டையும் கழற்ற வேண்டும். புதிய கையைக் கழற்றிய வரிசைக்கு எதிர் வரிசையில் மாட்ட வேண்டும். தண்டின் வெட்டும் போல்ட் துளையும் நேராக வந்தால் போல்ட் கையாலேயே உள்ளே போகும். அடித்து ஏற்றக் கூடாது. ரப்பர் புஷ் உள்ள போல்ட்டுகளை அப்போதே முழுவதும் இறுக்கக் கூடாது. சக்கரத்தை மாட்டி, காரின் பாரம் தரையில் இறங்கிய பிறகுதான் இறுக்க வேண்டும். அந்தரத்தில் இறுக்கினால் ரப்பர் முறுக்கிக்கொண்டு சீக்கிரம் கிழியும். இறுக்கும் அளவு கையேட்டில் இருக்கும். அளவு காட்டும் டார்க் ஸ்பேனரால் இறுக்குவது நல்லது. நட்டில் ஸ்பிளிட் பின் உள்ள வகையாக இருந்தால் புதிய பின் போட வேண்டும். துளை நேராக வரவில்லை என்றால் நட்டைக் கொஞ்சம் இறுக்கி நேராக்க வேண்டும்; தளர்த்தக் கூடாது.

“வலப் பக்கத்தையும் மாற்ற வேண்டுமா?” என்று ஓட்டுநர் கேட்கிறார்.

“அதையும் நெம்பிப் பார்த்துவிட்டுச் சொல்கிறேன்” என்கிறார் உஸ்தாத். இரண்டும் ஒரே சாலையில், ஒரே அளவு ஓடியவைதான். ஆனாலும் இறுக்கமாக இருக்கிற மூட்டை ஊகத்தில் மாற்ற வேண்டியதில்லை.

வேலை முடிந்ததும் வீல் அலைன்மெண்ட் பார்க்க வேண்டும். பார்க்காவிட்டால் புதிய மூட்டோடு பழையபடி டயர் தேயும். 1988ஆம் ஆண்டு மோட்டார் வாகனச் சட்டப்படி வாடகை வண்டிக்குத் தகுதிச் சான்று வேண்டும். சான்று கையில் இருக்கிறது என்று ஓட்டுநர் சும்மா இருக்க முடியாது. சோதித்த நாளுக்குப் பிறகும் கல் தெறிக்கும், உறை கிழியும். டயர் மாற்றும்போதெல்லாம் குனிந்து அந்த ரப்பர் உறையை ஒரு முறை பார்க்கலாம். அதற்குக் காசு ஆகாது.

கழற்றிய பழைய கையை உஸ்தாத் ஓட்டுநரிடம் கொடுக்கிறார். தண்டை விரலால் தட்டினாலே அது இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் விழுகிறது. கிண்ணத்துக்குள் கிரீஸ் இல்லை. செம்மண் நிறத்தில் துருத்தண்ணீர்தான் வழிகிறது.