கறுப்புச் சுருளில் ஒரு கீறல்



படம் பிடிக்கக் கேமரா வேண்டும் என்றுதான் நாம் நினைக்கிறோம். கனடாவின் தேசியத் திரைப்பட வாரியத்தில் பணியாற்றிய நார்மன் மெக்லாரன் என்பவர், 1955-இல் கேமரா இல்லாமலே 'பிளிங்கிட்டி பிளாங்க்' என்ற ஐந்து நிமிடப் படத்தைச் செய்தார். கறுப்புப் பிலிம் சுருளில், ஊசியாலும் பேனாக் கத்தியாலும் பறவைகளைக் கீறினார்.

விநாடிக்கு 24 கட்டங்கள் ஓடும். அவற்றில் பலவற்றை அவர் வெறும் கறுப்பாகவே விட்டுவிட்டார். அப்போ திரை இருட்டாத்தானே இருக்கும்? இல்லைங்க! மின்னி மறைந்த கோடு கண்ணில் சற்றே தங்குகிறது. அடுத்த கோடு வந்ததும் மூளை இரண்டையும் கோத்துவிடுகிறது. பாதிப் படத்தை, பார்ப்பவரே வரைந்து முடிக்கிறார்! அதே ஆண்டு கான் விழாவில் குறும்படத்துக்கான முதற்பரிசு அதற்குத்தான்.

பிள்ளைகளே, பழைய நோட்டுப் புத்தகத்தின் ஓரத்தில், பக்கத்துக்குப் பக்கம் சிறகு மேலும் கீழுமாக ஒரு பறவையை வரைந்து, சடசடவென்று புரட்டிப் பாருங்கள். பறக்கும்!

பெற்றோர்களே, "வசதியில்லாத வீட்டுப் பிள்ளை என்ன பண்ணும்?" என்று சொல்லிடாதீங்க. பென்சிலைக் கொடுங்கள், அது வரைந்ததைப் பக்கத்தில் உட்கார்ந்து பாருங்கள். பார்க்க ஒரு கண் இருந்தால், கோடு உயிர் பெறும்.